குதிரை ஏற்றும் காட்சி

சென்ற ஆடி மாதம், அந்தியூர் குருநாதசுவாமி கோயில் திருவிழாவை ஒட்டிக் கூடும் குதிரைச் சந்தைக்கு, வேலூர் கஸ்பாவில் கல்யாண ஊர்வலங்களுக்குக் குதிரை விடுகிற பாய் ஒருவருக்குத் துணையாக நானும் போயிருந்தேன். பாய்க்கு வயது 70-ஐத் தாண்டிவிட்டது. அவருடைய தகப்பனார் காட்பாடி ஸ்டேஷன் வாசலில் ஜட்கா ஓட்டியவர். வெள்ளை நிறத்தில் ஒரு பெட்டைக் குதிரையை விலை பேசி முடித்து, வாடகைக்கு அமர்த்திய ஐச்சர் வண்டியில் அதை ஏற்றத் தொடங்கியபோது வெயில் சாய்ந்திருந்தது. வண்டியின் பின்கதவை இறக்கி, அதிலிருந்து தரைக்கு இரண்டு பலகைகளைச் சரிவாகப் போட்டிருந்தார்கள். குதிரை முன்னங்கால் ஒன்றைத் தூக்கிப் பலகையில் வைத்தது. டொக்கென்று அடியில் வெற்றிடம் அதிர்ந்த மறுநொடி காலை இழுத்துக்கொண்டு, காதுகளைப் பின்னுக்கு மடித்து, கயிற்றைப் பிடித்திருந்த இரண்டு ஆட்களையும் சேர்த்து இழுத்தபடி பின்வாங்கியது.

“சத்தந்தான் தம்பி அதுக்குப் பயம். கீழ பள்ளம் இருக்குதுன்னு நெனச்சுக்கும்” என்று சொல்லிவிட்டு, பாய் பலகையின் மேல் வைக்கோலைக் கனமாகப் பரப்பி, அதன் மேல் கோணிச் சாக்கை விரித்து, சாக்கு நழுவாமல் இருக்கத் தண்ணீரும் தெளித்தார். பிறகு தோளில் கிடந்த துண்டை எடுத்துக் குதிரையின் கண்களை மறைத்துக் கட்டி, அதன் கழுத்தோடு தன் தோளை ஒட்டி நின்றுகொண்டு, நாக்கை அண்ணத்தில் ஒட்டி எடுத்து ஒரு சத்தம் கொடுத்தார். குதிரை ஏறிவிட்டது. கைப்பேசியில் நான் எடுத்த அந்தக் காட்சி 52 நொடி ஓடுகிறது. அன்றிரவு கிருஷ்ணகிரி தாண்டி வாணியம்பாடியை நோக்கி வந்துகொண்டிருந்தபோது, லாரியின் இரைச்சலும் ஆட்களின் வசவும் கலந்து கிடந்த ஒலியை நீக்கிவிட்டு, ஒரு சினிமாப் பின்னணி இசையை ஒட்டி, அதை வாட்ஸ்அப் ஸ்டேட்டஸில் போட்டேன். அதைப் பற்றிக் கடைசியில் சொல்கிறேன்.

அந்த 52 நொடிக் கணக்குதான் என்னை வேறோர் இடத்துக்குக் கொண்டுபோனது. பிரான்ஸின் லூமியேர் சகோதரர்கள் உருவாக்கிய சினிமாட்டோகிராஃப் என்ற தொடக்ககாலத் திரைப்படக் கருவியில் ஒரு தடவைக்குப் போட முடிந்த படச்சுருளின் நீளம் ஏறத்தாழ 17 மீட்டர். அது ஓடி முடிய 50 நொடி ஆகும். 1896 ஜூலை 7-ஆம் தேதி மும்பை வாட்சன் ஹோட்டலில் காட்டப்பட்ட படங்களும், அதை அடுத்துச் சென்னை விக்டோரியா பப்ளிக் ஹாலில் நம் மக்கள் கண்ட தொடக்ககாலப் படங்களும் அந்த அளவிலான துண்டுகளே. அதற்குள் ஒரு காரியம் தொடங்கி, நடந்து, முடிய வேண்டும். குதிரையை வண்டியிலோ கப்பலிலோ ஏற்றுவது அப்படிப்பட்ட காரியம். தயங்கும், முரண்டும், கடைசியில் ஏறும்.

சினிமாவின் பிறப்பிலேயே குதிரை இருக்கிறது என்பது பலரும் அறிந்ததுதான். 1878-இல் கலிபோர்னியாவின் பாலோ ஆல்டோவில், லேலண்ட் ஸ்டான்ஃபோர்டு என்ற பணக்காரரின் குதிரை ஓடும்போது நான்கு கால்களும் ஒரே நேரத்தில் தரையை விட்டு எழும்புகின்றனவா என்று பார்க்க, எட்வர்ட் மைப்ரிட்ஜ் ஓட்டப் பாதை நெடுகக் கேமராக்களை வரிசையாக வைத்துப் படம் எடுத்தார். இந்தக் கதையை எல்லோரும் சொல்வார்கள். ஆனால் அது ஓடுகிற குதிரையின் கதை. நான் பேச விரும்புவது ஓடாத குதிரையைப் பற்றி. போருக்குக் கொண்டுபோகப்படுவதற்காகத் துறைமுகத்திலும் ரயிலடியிலும் கயிற்றில் பிடித்து நிறுத்தப்பட்டிருந்த குதிரையை, அதே இடத்தில் முக்காலி போட்டு நின்ற கேமரா எப்படிப் பிடித்தது என்பதைப் பற்றி.

1898-இல் அமெரிக்காவுக்கும் ஸ்பெயினுக்கும் கியூபாவை முன்னிட்டுப் போர் மூண்டபோது, எடிசன் நிறுவனத்துக்காக வில்லியம் பேலி என்ற ஒளிப்பதிவாளர் புளோரிடாவின் டாம்பா துறைமுகத்துக்குப் போனார். சண்டையைப் படம் பிடிப்பதுதான் எல்லோருடைய ஆசையும். ஆனால் அவர் கையில் இருந்த கருவிக்கு அது முடியாது. கேமராவை முக்காலியில் நிறுத்திவைக்க வேண்டும். ஃபிலிமின் உணர்திறன் குறைவு, ஆகவே நல்ல வெயில் வேண்டும். தொலைவில் நடப்பது எறும்பு ஊர்வது போலத்தான் பதியும். சண்டையோ எங்கே எப்போது நடக்கும் என்று சொல்லிவிட்டு நடப்பதில்லை. எனவே பேலி எடுத்த படங்களில் நாம் காண்பது முகாம், அணிவகுப்பு, சாமான் இறக்குதல், கப்பலேறுதல் ஆகியவை. குதிரைப்படைக்கான சரக்குகளை ரயிலிலிருந்து இறக்கும் காட்சிக்கு ஒரு படம் முழுவதையும் செலவிட்டிருக்கிறார்கள்.

டாம்பாவில் ஒரு விபரீதம் நிகழ்ந்தது. படையை ஏற்றிச் செல்லப் போதுமான கப்பல்கள் இல்லை. பின்னாளில் அமெரிக்க ஜனாதிபதியான தியோடர் ரூஸ்வெல்ட் துணைத் தளபதியாக இருந்த ‘ரஃப் ரைடர்ஸ்’ என்ற புகழ்பெற்ற குதிரைப்படையின் குதிரைகளில் பெரும்பாலானவற்றைக் கரையிலேயே விட்டுவிட்டு, அதிகாரிகளின் குதிரைகளையும் பொதி சுமக்கும் கோவேறு கழுதைகளையும் மட்டும் ஏற்றிக்கொண்டு போனார்கள். பெயரில் மட்டும் குதிரை இருந்த அந்தப் படை, கியூபாவில் கால்நடையாகவே சண்டையிட்டது. கியூபாவின் டைக்கிரி கரையில் ஜூன் 22-ஆம் தேதி படை இறங்கியபோது விலங்குகளை இறக்கச் சரியான துறை இல்லாததால், அவற்றைக் கப்பலிலிருந்து கடலுக்குள் தள்ளி நீந்திக் கரையேற விட்டார்கள். ரூஸ்வெல்ட் கொண்டுபோன இரண்டு குதிரைகளில் ஒன்று மூழ்கிச் செத்தது. வேறு சில குதிரைகள் திசை தெரியாமல் நடுக்கடலை நோக்கி நீந்தத் தொடங்கியதாகவும், கரையில் இருந்த ஒருவர் தம் ஊதுகொம்பை எடுத்துப் படைப் பயிற்சியில் அவை கேட்டுப் பழகிய அழைப்பை ஊதியதும் திரும்பி வந்ததாகவும் அங்கிருந்தவர்கள் எழுதியிருக்கிறார்கள். டைக்கிரியில் கோவேறு கழுதைகள் நீந்திக் கரையேறுவதை எடிசன் நிறுவனம் ஒரு படமாகவே வெளியிட்டது. அலைகளுக்கு நடுவே தலைகள் மட்டும் தெரிகின்றன. கொம்பின் ஓசை அதில் கிடையாது, எந்த ஓசையும் கிடையாது.

பேலி பிறகு காய்ச்சலில் விழுந்து, கேமராவும் பழுதாகி, ஊர் திரும்பிவிட்டார். அவர் கொண்டுவந்த சுருள்கள் இன்றும் நமக்குக் காணக் கிடைப்பதன் காரணம் விசித்திரமானது. அந்தக் காலத்து அமெரிக்கப் பதிப்புரிமைச் சட்டத்தில் திரைப்படம் என்றொரு வகையே இல்லாததால், தம் படத்தைப் பிறர் திருடி அச்செடுத்துவிடாமல் காக்க நினைத்த நிறுவனங்கள், ஃபிலிமில் இருந்த ஒவ்வொரு படச்சட்டத்தையும் நீண்ட காகிதச் சுருளில் புகைப்படங்களாக அச்சிட்டு, வாஷிங்டனில் உள்ள காங்கிரஸ் நூலகத்தில் கொடுத்துப் பதிவுசெய்தன. நைட்ரேட் ஃபிலிம் எளிதில் தீப்பற்றும், பற்றாவிட்டாலும் நாளடைவில் பொடியாகிவிடும். காகிதம் நின்றது. 20-ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் அந்தச் சுருள்களைத் தேடியெடுத்து மறுபடியும் ஃபிலிமுக்கு மாற்றியதால்தான், வேலூரில் உட்கார்ந்துகொண்டு கியூபாக் கடலில் நீந்தும் கழுதைகளை நான் பார்க்க முடிகிறது.

கியூபாப் போருக்கு அடுத்த ஆண்டே தென்னாப்பிரிக்காவில், பிரிட்டிஷாருக்கும் டச்சு வம்சாவளிக் குடியேறிகளான போயர்களுக்கும் இடையே போயர் போர் தொடங்கியது. எடிசனிடம் வேலை பார்த்து முதல் திரைப்படக் கேமராக்களில் ஒன்றை உருவாக்கியவரான டபிள்யூ. கே. எல். டிக்சன், பிறகு அவரை விட்டுப் பிரிந்து பயோகிராஃப் நிறுவனத்தில் சேர்ந்திருந்தார். 1899 அக்டோபர் 14-ஆம் தேதி, பிரிட்டிஷ் தளபதி புல்லர் ஏறிய அதே ‘டனாட்டர் காசில்’ கப்பலில் டிக்சனும் சவுத்தாம்ப்டனிலிருந்து புறப்பட்டார். பத்திரிகை நிருபராக வின்ஸ்டன் சர்ச்சிலும் அந்தக் கப்பலில் இருந்தார். டிக்சனின் கேமரா நம் கோயில் உண்டியலை நினைவூட்டும் பெட்டி. மின்கலங்களோடு சேர்த்து அதைத் தூக்கிக்கொண்டு நடக்க எந்த மனிதனாலும் ஆகாது. ஆகவே போர்க்களத்தில் அதை நகர்த்துவதற்கு ஒரு கேப் வண்டியும் அதை இழுக்கக் குதிரைகளும் வைத்துக்கொண்டார். இந்தச் செய்தியை முதலில் படித்தபோது சிறிது நேரம் அதிலேயே நின்றுவிட்டேன். குதிரையைப் படம் பிடிக்கப் போன கேமராவையே குதிரைதான் இழுத்துக்கொண்டு போயிருக்கிறது.

டிக்சனும், வார்விக் நிறுவனத்துக்காகப் போன ஜோசப் ரோசென்தாலும் உயிரைப் பணயம் வைத்து அங்கே உண்மைக் காட்சிகளைத் தேடிக்கொண்டிருந்த அதே மாதங்களில், இங்கிலாந்திலும் அமெரிக்காவிலும் வேறொரு தொழில் நடந்தது. நியூ ஜெர்சியின் மேட்டு நிலங்களில் எடிசன் நிறுவனத்தாரும், லங்காஷயரின் பிளாக்பர்ன் பக்கத்தில் மிட்செல்–கென்யன் என்ற கூட்டாளிகளும், லண்டனில் ஆர். டபிள்யூ. பாலும், உள்ளூர் ஆட்களுக்குச் சீருடை மாட்டி, புகை கிளப்பி, போயர் போரை நடிக்கவைத்து எடுத்தார்கள். பார்த்தவர்களில் பலர் அவற்றை உண்மை என்றே நம்பினார்கள். நிஜப் போரில் எடுத்ததைவிட அவற்றில் சண்டை நன்றாகத் தெரிந்தது என்பதுதான் வேடிக்கை.

என் கட்சி இதுதான்: அந்தக் காலத்துப் போர்ப் படங்களில் நான் கண்ணை மூடிக்கொண்டு நம்பக்கூடிய காட்சி ஒன்று உண்டென்றால், அது விலங்குகளை ஏற்றி இறக்கும் காட்சியே. சண்டையைப் பொய்யாக எடுத்தவர்களுக்கு, குதிரை ஏற்றுவதைப் பொய்யாக எடுக்க வேண்டிய தேவை வரவில்லை. அது பகல் வெளிச்சத்தில், ஒரே இடத்தில், நாள் முழுவதும் திரும்பத் திரும்ப நடந்தது. அதை ஒளித்துவைக்க எந்தத் தளபதிக்கும் தோன்றவில்லை. அதற்கும் மேலாக, பலகையின் முன் நின்று மிரளும் குதிரையிடம், இன்னொரு முறை இதேபோல் மிரளு என்று சொல்லி எடுக்க முடியாது. பாயின் குதிரை முதல் தடவை பின்வாங்கியபோது நான் கைப்பேசியை எடுக்கத் தவறிவிட்டேன். ஏறி முடித்த பிறகு அதை இறக்கி மீண்டும் ஒருமுறை காட்டச் சொல்ல எனக்குத் துணிச்சல் வரவில்லை.

கப்பலில் ஏற்றும் முறையைப் பற்றியும் சொல்ல வேண்டும். கப்பல் துறையோடு ஒட்டி நின்றால் சரிவுப் பலகை போட்டு நடத்தியே ஏற்றிவிடலாம். அலையில் தள்ளி நின்றால், குதிரையின் வயிற்றுக்கு அடியில் அகலமான கித்தான் பட்டையைக் கொடுத்து, நெஞ்சுக்கும் பின்புறத்துக்கும் குறுக்கு வார்கள் பூட்டி, கப்பலின் பாரந்தூக்கியால் அப்படியே மேலே தூக்குவார்கள். தரையை விட்டுக் கால் எழும்பும் வரை உதைக்கும் குதிரை, எழும்பியதும் நான்கு கால்களையும் தொங்கவிட்டு ஒரேயடியாக அடங்கிவிடும். ஓடுவதற்கென்றே அமைந்த உடம்பு, மிதிக்கத் தரையில்லை என்றதும் செய்வதறியாமல் போய்விடுகிறது. கப்பலுக்குள் ஒவ்வொன்றையும் உடம்பின் அகலத்துக்கே அமைந்த மரத்தடுப்புக்குள் நிறுத்துவார்கள். குதிரை நின்றபடியே தூங்கக்கூடியது என்பதால், வாரக்கணக்கில் படுக்க இடம் இல்லாமலேயே கொண்டுபோய்விடுவார்கள். மனிதனுக்குக் கடல் பயணத்தில் குமட்டினால் வாந்தியெடுத்துத் தீர்த்துக்கொள்ளலாம். குதிரையின் உடலமைப்பில் வாந்திக்கு வழியே இல்லை. கீழ்த்தளத்தின் வெக்கையிலும் சிறுநீரின் நெடியிலும் நுரையீரல் கெட்டு, கால்கள் வீங்கி இறங்கும் குதிரைகளுக்குச் சில வாரங்களாவது ஓய்வு கொடுக்க வேண்டும் என்று கால்நடை மருத்துவர்கள் தலையில் அடித்துக்கொண்டார்கள். தென்னாப்பிரிக்காவில் அந்த ஓய்வைக் கொடுக்கவில்லை. இறக்கிய கையோடு ரயிலில் அடைத்துப் போர்முனைக்கு அனுப்பினார்கள். பிரிட்டிஷ் தரப்பில் மட்டும் 3,00,000-க்கும் மேற்பட்ட குதிரைகள் அந்தப் போரில் மாண்டன. அவற்றில் குண்டடி பட்டுச் செத்தவை சொற்பம். பசியும் களைப்பும் நோயும்தான் பெரும்பகுதியைக் கொண்டுபோயின. எண்ணற்ற குதிரைகள் இறங்கிய போர்ட் எலிசபெத் துறைமுக நகரில் 1905-இல் அவற்றுக்காக ஒரு நினைவுச்சின்னம் வைத்தார்கள். மண்டியிட்ட ஒரு சிப்பாய், எதிரே நிற்கும் குதிரைக்கு வாளியில் தண்ணீர் காட்டுகிற வெண்கலச் சிலை அது.

இதையெல்லாம் வேலூரில் இருந்துகொண்டு ஏன் எழுத வேண்டும் என்று கேட்பவர்களை, கோட்டைக்குள் இருக்கும் ஜலகண்டேஸ்வரர் கோயில் கல்யாண மண்டபத்துக்கு அழைத்துப் போவேன். முன்வரிசைத் தூண்களில் யாளிகளோடு, முன்னங்கால்களைத் தூக்கி எழும்பும் குதிரைகளும் அவற்றின் மேல் வீரர்களும் ஒரே கல்லில் செதுக்கப்பட்டிருக்கிறார்கள். அந்தக் குதிரைகள் நம் மண்ணில் பிறந்தவை அல்ல. நம் நாட்டில் நல்ல போர்க்குதிரை என்றாலே கடல் கடந்து வந்ததுதான். காவிரிப்பூம்பட்டினத்துக் கடைத்தெருவில் குவிந்து கிடந்த பொருள்களைப் பட்டினப்பாலை வரிசைப்படுத்தும்போது, கப்பலில் வந்த குதிரையைத்தான் முதலில் வைக்கிறது. பாண்டிய நாட்டுக்கு ஆண்டுதோறும் ஆயிரக்கணக்கில் குதிரைகள் வந்திறங்கியதையும், பராமரிக்கத் தெரியாமல் அவற்றில் பெரும்பாலானவை ஆண்டு முடிவதற்குள் செத்ததையும் மார்க்கோ போலோ வியந்து எழுதியிருக்கிறார். விஜயநகரத்து மன்னர் நரசிம்மரோ, குதிரை வரத்து நின்றுவிடக் கூடாது என்பதற்காக, வழியில் கடலில் செத்த குதிரைக்கும் அதன் வாலைக் கொண்டுவந்து காட்டினால் உயிருள்ளதற்குக் கொடுக்கும் விலையையே கொடுத்தார் என்று நூனிஸ் என்ற போர்ச்சுக்கீசியர் குறித்துவைத்திருக்கிறார். மண்டபத்துச் சிற்பி வாலையும் பிடரியையும் மயிர் மயிராகச் செதுக்கியிருக்கிறான். குதிரையைப் படகில் ஏற்றும் காட்சியை அவனும் செதுக்கவில்லை. அது செதுக்கத் தகுந்த வீரமாக அவனுக்குப் பட்டிருக்காது.

வெள்ளைக்காரர் காலத்தில் ஆற்காடும் ராணிப்பேட்டையும் குதிரைப்படைத் தண்டுகளாக இருந்தன. செஞ்சி தேசிங்கு ராஜனின் மனைவி நினைவாக எழுந்ததாகச் சொல்லப்படும் ராணிப்பேட்டை, அவனுடைய குதிரையைப் பாடித் திரிந்த ஊர்களுக்கு நடுவே அந்நியக் குதிரைப்படையின் இருப்பிடமாக மாறியது காலத்தின் கேலி. 1806 ஜூலை 10-ஆம் தேதி வேலூர்க் கோட்டையில் சிப்பாய்கள் எழுந்தபோது, ஆற்காட்டில் இருந்து பிரிட்டிஷ் அதிகாரி கில்லெஸ்பி 19-ஆம் டிராகூன் குதிரைப்படையோடு 25 கிலோமீட்டர் தொலைவை அன்று காலைக்குள்ளேயே கடந்து வந்து கோட்டையைப் பிடித்தான். குதிரை இழுத்து வந்த இலகு பீரங்கியால்தான் கோட்டைக் கதவு தகர்க்கப்பட்டது. ஆற்காட்டில் அன்று குதிரைகள் இல்லாதிருந்தால் நம் ஊர் வரலாறு வேறாகியிருக்கும் என்று பள்ளிக்கூடத்தில் எங்கள் ஆசிரியர் சொன்னபோது, அந்தக் குதிரைகள் எங்கிருந்து, எப்படி ஆற்காட்டுக்கு வந்து சேர்ந்தன என்று கேட்க எனக்குத் தோன்றவில்லை.

அதற்குப் பிந்தைய காலத்தில் அவை ஆஸ்திரேலியாவிலிருந்து வந்தன. நியூ சவுத் வேல்ஸிலிருந்து வந்ததால் அவற்றுக்கு ‘வேலர்’ என்று பெயர். சென்னையில் துறைமுகம் கட்டப்படாத 1830-களில், ஆஸ்திரேலியக் குதிரைகளை இறக்குவதையும், மசூலாப் படகையும், கட்டுமரங்களையும் சேர்த்து வரைந்த ஓவியம் ஒன்று உண்டு. கப்பல் அலைக்கு அப்பால் நங்கூரமிட்டு நிற்க, உலகிலேயே மோசமான அலைகளில் ஒன்று என்று மாலுமிகள் சபித்த சென்னை அலையைத் தாண்டி அந்தக் குதிரைகளைக் கரை சேர்த்தவர்கள் நம் மீனவர்கள். ராணுவத்துக்கான குதிரைகளைப் பராமரிக்க ஓசூரை அடுத்த மத்திகிரியில் பண்ணை இருந்தது. இன்று அது அரசுக் கால்நடைப் பண்ணை. 1856 ஜூலை 1-ஆம் தேதி தென்னிந்தியாவின் முதல் ரயில் ராயபுரத்திலிருந்து வாலாஜா ரோடு வரை ஓடியது. அந்தத் தடம்தான் பிறகு காட்பாடி, ஜோலார்பேட்டை வழியாகப் பெங்களூர் தண்டு வரை நீண்டது. முதல் உலகப் போரை ஒட்டி ஆஸ்திரேலியாவிலிருந்து வெளியே அனுப்பப்பட்ட ஏறத்தாழ 1,36,000 குதிரைகளில் 82,000-க்குச் சற்றுக் குறைவானவை இந்தியாவுக்குத்தான் வந்தன. போர்முனைக்குப் போனவற்றில் சாண்டி என்ற ஒரே ஒரு குதிரையைத்தான் சொந்த நாட்டுக்குத் திருப்பிக் கொண்டுபோனார்கள். அதுவும் காலிப்போலிப் போர்முனையில் குண்டடி பட்டு மாண்ட ஒரு தளபதியின் குதிரை என்பதற்காக.

இதில் ஒரு காட்சியைக்கூட நம் ஆட்கள் எவரும் படம் பிடிக்கவில்லை என்ற ஆதங்கம் எனக்கு உண்டு. அதைச் சொல்லும்போது ஆர். நடராஜ முதலியார் நினைவுக்கு வராமல் இருக்க முடியாது. தென்னிந்தியாவின் முதல் கதைப்படத்தை எடுத்த அவர் 1885-இல் வேலூரில் பிறந்தவர். சென்னையில் சைக்கிளும் பிறகு மோட்டார் காரும் விற்ற வியாபாரி. அவருக்குக் கேமராவைப் பிடிக்கக் கற்றுக்கொடுத்தவர் ஸ்டூவர்ட் ஸ்மித் என்ற ஆங்கிலேய ஒளிப்பதிவாளர். கர்சன் பிரபுவைப் பற்றிய ஓர் ஆவணப்படத்தில் வேலை செய்தவர் அந்த ஸ்மித். ஆக, தமிழ் சினிமாவின் முதல் பாடமே ஓர் ஆவணப்படக்காரர் கையால் நம் ஊர்க்காரருக்குக் கிடைத்த பாடம். 1917-இல் புரசைவாக்கம் மில்லர்ஸ் சாலையில் இந்தியா ஃபிலிம் கம்பெனியைத் தொடங்கிய முதலியார், 35 நாளில், 35,000 ரூபாய் செலவில் ‘கீசக வத’த்தை எடுத்தார். உலகப் போர் நடந்துகொண்டிருந்த ஆண்டுகள் அவை. துறைமுகம் அவருடைய ஸ்டூடியோவிலிருந்து குதிரை வண்டியில் போகிற தூரம். ஆனால் டிக்கெட் வாங்கிக்கொண்டு வருகிறவனுக்குக் கீசகனும் பீமனும் வேண்டியிருந்தது, போட்ட முதலும் திரும்பி வர வேண்டியிருந்தது. அவர்மேல் குறை சொல்ல எனக்கு உரிமையில்லை. அந்தக் ‘கீசக வத’த்தில் ஓர் அடி ஃபிலிமும் இன்று மிஞ்சவில்லை. காகிதச் சுருளில் பதிந்துவைக்க நம் நாட்டில் எந்த நூலகமும் கேட்கவில்லை. கியூபாவில் நீந்திய கழுதைகள் இருக்கின்றன, வேலூர்க்காரர் எடுத்த பீமன் இல்லை.

அந்தப் போரில் இந்தியத் துருப்புகளைப் பிரான்ஸில் படம் பிடித்தவர் எச். டி. கிர்ட்வுட். இந்தியாவில் பல ஆண்டுகள் புகைப்படக்காரராக இருந்த அவர், 1915-இல் எடுத்தவற்றிலும் தாக்குதல் காட்சிகள் நடிக்கவைத்து எடுக்கப்பட்டவையே. 1916-இல் கோடிக்கணக்கானோர் பார்த்த சோம் போர்ப் படத்தில், பதுங்குகுழியிலிருந்து வீரர்கள் மேலேறிப் பாயும் புகழ்பெற்ற காட்சியும் பயிற்சிக்களத்தில் எடுக்கப்பட்டதுதான். வண்டிகளும் குதிரைகளும் சேற்றில் போகிற காட்சிகளுக்கு மட்டும் எந்த ஜோடனையும் தேவைப்படவில்லை.

எங்கள் பக்கத்தில், கணியம்பாடிக்கு அருகே உள்ள கம்மவான்பேட்டையை ராணுவப்பேட்டை என்றே சொல்வார்கள். வீட்டுக்கு ஒருவராவது படையில் இருக்கும் ஊர் அது. அதற்கு அடுத்த ஊரைச் சேர்ந்த என் சின்னத் தாத்தா, இரண்டாம் உலகப் போரில் பர்மா எல்லையில் கோவேறு கழுதைகளை ஓட்டிய கம்பெனியில் இருந்தவர். ‘கழுதைக் கம்பெனி’ என்று ஊரில் கேலி செய்வார்கள், அவர் கோபித்துக்கொண்டதில்லை. 1944-இல் ஜப்பானியப் படைகளுக்குப் பின்னால் விமானத்தில் இறக்கப்பட்ட, பிரிட்டிஷ் தரப்பின் சிண்டிட் என்ற படையினர், காட்டில் சத்தம் காட்டிக் கொடுத்துவிடக் கூடாது என்பதற்காகத் தம் கழுதைகளுக்குக் குரல் நாணை அறுத்துவிட்டிருந்தார்கள். அப்படி அறுக்கப்பட்ட ஒன்றை அவர் பார்த்திருக்கிறார். “வாயத் தெறக்கும்டா. கழுத்து நரம்பெல்லாம் பொடைக்கும். சத்தம் வராது” என்று சொல்லிவிட்டு, வாயைத் திறந்து காட்டிவிட்டு, வெற்றிலையை மடிக்கப் போய்விடுவார். எனக்கு அப்போது பத்து வயது. டைக்கிரி படத்தைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு அவர் வாய் திறந்து காட்டியதுதான் முதலில் தோன்றுகிறது.

சென்ற வாரம் கஸ்பாவுக்குப் போய், லாயத்தில் கொள்ளு ஊறவைத்துக்கொண்டிருந்த பாயிடம் அந்தப் படத்தைக் கைப்பேசியில் காட்டினேன். எந்த நாடு, எந்தச் சண்டை என்று அவர் ஒன்றும் கேட்கவில்லை. மூன்று தடவை போடச் சொல்லிப் பார்த்தார். “கரையில யாரோ கூப்புடறான் தம்பி. இல்லாட்டி இப்பிடி ஒரே பக்கமா தலைய வெச்சிக்கினு வராது” என்றார். ஊதுகொம்புக் கதையை நான் அவரிடம் அதுவரை சொல்லியிருக்கவில்லை. சொன்னேன். தலையை ஆட்டிக்கொண்டார்.

பிறகு, அந்தியூரில் நான் எடுத்ததைக் காட்டச் சொன்னார். ஸ்டேட்டஸில் போட்ட, இசை ஒட்டியதுதான் முதலில் கைக்கு வந்தது. குதிரை ஏறுகிற இடம் வந்ததும், திரையில் தம் வாய் அசைவதைப் பார்த்துக்கொண்டே, “என் சத்தம் எங்க?” என்று கேட்டார். நல்லவேளையாக மூலப் பதிவை நான் அழித்திருக்கவில்லை. அதைத் தேடியெடுத்து ஒலியைக் கூட்டிப் போட்டேன். லாரி என்ஜின் இரைச்சலுக்கு நடுவே, நாக்கு அண்ணத்தை விட்டுப் பிரியும் அந்தச் சத்தம் இரண்டு முறை கேட்டது. கொட்டடியில் கொள்ளுக்காகக் காத்துக்கொண்டு நின்ற வெள்ளைக் குதிரை காதுகளை முன்னால் நிமிர்த்தி, கயிறு இழுபடும் வரை கைப்பேசியை நோக்கி நடந்து வந்தது.